சொல்லுக்கு ஓர் ஆடு

நம் ஊரில் பனை நிற்கிற இடமெல்லாம் அந்த ஊரில் பனி நிற்கும். அப்படி ஒரு மலைநாட்டில், வெகு காலத்துக்கு முன்னே, சின்னஞ்சிறு கிராமம் ஒன்று இருந்தது. ஊர்தான் சிறிது, பேச்சு இரட்டிப்பு. பாதி வீடுகளில் இத்தாலிய மொழி, மீதி வீடுகளில் ஜெர்மன்.

அதனால் அங்கே ஒரு வேடிக்கையான வழக்கம். வீட்டுக்கு வெளியே எதைச் சொன்னாலும் இரண்டு மொழியிலும் சொல்வார்கள். வணக்கம் இரண்டு தடவை. வழி சொன்னால் இரண்டு தடவை. திட்டினால்கூட இரண்டு தடவை. வாங்கிக் கட்டிக்கொள்பவனுக்குப் புரியாமல் போய்விடக் கூடாது பாருங்கள்!

அந்த ஊரை ஆள ருஃபினோ என்று ஒரு பிரபு புதிதாக வந்தார். அவருக்கு இத்தாலிய மொழி மட்டும்தான் தெரியும். பொறுமை எந்த மொழியிலும் தெரியாது. தாயில்லாத மகள் லிவியாதான் அவருக்கு உயிர்.

"ஒரே விஷயத்தை எதுக்கு ரெண்டு தரம் சொல்றீங்க? உங்க வாய் வலிக்கலேன்னாலும் என் காது வலிக்குதே!" என்று எரிந்து விழுந்தார். "எந்த மொழியா இருந்தாலும் சரி, இனிமே ஒரு தரம்தான். மீறினா ஓர் ஆடு அபராதம்!"

ஆற்றுக்குக் காவல் இருந்தவள் வால்புர்கா, ஜெர்மன் பேசும் வீட்டுப் பெண். அவளிடம் மூன்று ஆடுகள் இருந்தன. பழகிய நாக்கு லேசில் அடங்குமா? முதல் ஆடு ஒரு வணக்கத்தில் போயிற்று. இரண்டாவது ஆடு, வழிப்போக்கர் ஒருவருக்கு வழி சொன்னதில் போயிற்று. மூன்றாவது ஆட்டின் பாலில்தான் அவள் பிள்ளைகளின் வயிறு நிறைந்தது. பாவம், வாயை இறுக்கிக்கொண்டாள்.

அந்த ஆற்றின் மேல் இரண்டு பாலங்கள். ஒன்று பழைய மரப்பாலம்; அதன் பெயரே 'பழையது'. இன்னொன்று உயரமான கல்பாலம்; அதன் பெயர் 'உயரமானது'. வெள்ளம் வந்தால், எந்தப் பாலம் ஆபத்தோ அதன் பெயரைக் காவலாள் கூவ வேண்டும். பெயர் கேட்ட பாலத்தில் யாரும் ஏறக் கூடாது.

பனி உருகும் பருவத்தில் ஒரு மாலை, வெள்ளம் புரண்டு வந்தது. மரப்பாலத்தின் கால்கள் ஆட்டம் கண்டன. அக்கரையில் பிரபு, மகளை முன்னால் உட்கார்த்திக்கொண்டு குதிரையில் வந்தார்.

"ஆல்தே!" என்று கூவினாள் வால்புர்கா. அவசரத்தில் வாயில் வந்தது அவள் வீட்டு மொழிதான். ஜெர்மனில் அதற்குப் 'பழையது' என்று பொருள்.

வெள்ளத்தின் இரைச்சலில் பிரபுவின் காதில் 'ஆல்தா' என்று விழுந்தது. இத்தாலிய மொழியில் 'உயரமானது'! கல்பாலம்தான் ஆபத்து என்று நினைத்தவர், குதிரையை நேரே மரப்பாலத்துக்குத் திருப்பினார்.

வால்புர்கா அதைப் பார்த்துவிட்டாள். இன்னொரு சொல் சொன்னால் இருக்கிற ஓர் ஆடும் போகும். சொல்லாவிட்டால் அந்தக் குழந்தை போகும்.

"வெக்கியா! வெக்கியா!" என்று தொண்டை கிழியக் கத்தினாள். இத்தாலிய மொழியில் அதுதான் பழையது.

பிரபு கடிவாளத்தைச் சுண்டி இழுத்தார். குதிரையின் குளம்புக்கு முன்னாலேயே பாலம் முறிந்து வெள்ளத்தோடு போயிற்று. லிவியா வீலென்று அலறி அப்பாவைக் கட்டிக்கொண்டாள்.

மறுநாள் காலை, பிரபுவின் வாசலில் வால்புர்கா ஆட்டோடு நின்றாள்.

"ஐயா, நேத்து நான் மறுபடியும் ரெண்டு தரம் சொல்லிட்டேன். இந்தாங்க, பிடிச்சுக்கோங்க" என்று கயிற்றை நீட்டினாள்.

பிரபு கயிற்றை வாங்கவில்லை. வெட்கத்தில் அவர் முகம் சிவந்தது.

"கிராத்ஸியே" என்றார். இத்தாலிய மொழியில் நன்றி. ஆனால் அது போதாது என்று அவருக்கே தோன்றியது. தடுமாறித் தடுமாறி, வாழ்க்கையில் முதல் முறையாக, "டாங்கே" என்றார். ஜெர்மனில் அதுவும் நன்றிதான்.

அன்றைக்கே மூன்று ஆடுகளும் வால்புர்கா வீட்டுக்குத் திரும்பின.

கதை கேட்டவர்களே, கேட்பவருக்குப் புரிந்தால்தான் ஒரு சொல்லைச் சொன்னதாகும், அதற்காக இன்னொரு முறை சொல்வது ஒருபோதும் வீணாகாது.