ஆமையின் வாசலுக்குப் போன கௌதாரி

குளத்தங்கரைப் புதர் ஒன்றில் ஒரு கௌதாரி தன் குஞ்சுகளோடு குடியிருந்தது. ஒரு நாள் கரையான் புற்றைக் கிளறிவிட்டுத் திரும்பிப் பார்த்தால், கடைக்குட்டியைக் காணோம்! ஈரச் சேற்றில் காட்டுப்பூனையின் காலடிகள் மட்டும் பளிச்சென்று தெரிந்தன.

"நான் பார்த்தேன் அக்கா!" என்று கத்தியது குளத்துத் தவளை. "பூனைதான் கவ்விட்டுப் போச்சு. அக்கரை மருதமரப் பொந்துல போட்டுட்டு, 'இப்ப எலும்பும் தோலுமா இருக்கே, கொழுக்க வச்சுத் திங்கிறேன்'னு சொல்லுது!"

கௌதாரி படபடவென்று சிறகடித்துக் கிளம்பியது. குஞ்சு கொழுப்பதற்குள் மீட்டாக வேண்டுமே! காட்டின் காவல் அதிகாரி செம்போத்திடம் ஓடிப்போய் முறையிட்டது.

செம்போத்துக்குக் காக்கி நிறச் சிறகு, சிவந்த கண், மிடுக்கான நடை. குறை ஒன்றே ஒன்றுதான்: பூனை தின்று மிச்சம் வைக்கும் ஓணான் வால் தவறாமல் அதன் கூட்டுக்குப் போய்ச் சேரும். அது புதரை ஒரே ஒரு சுற்றுச் சுற்றியது. காலடி இருந்த சேற்றின்மேலேயே நடந்து அதையும் அழித்து வைத்தது.

"விசாரிச்சாச்சு! குஞ்சு தானா எங்கேயோ ஓடிப்போச்சு. பசிச்சா வந்துடும், போம்மா!"

"ஐயா, தவளை கண்ணால பார்த்திருக்கு. அதைக் கேட்கலையே?"

"தவளையா? அது மழை வந்தாலும் கத்தும், வராட்டியும் கத்தும்! அதெல்லாம் ஒரு சாட்சியா?"

"அந்தப் பொந்தையாவது எட்டிப் பாருங்களேன்!"

"எனக்கே வேலை கத்துக்குடுக்கறியா? வழக்கு முடிஞ்சுது!" சிவந்த கண் இன்னும் சிவந்தது.

கௌதாரி விடவில்லை. மூச்சு வாங்கப் பல நாள் மலையேறி, நேரே சிங்கராசாவின் குகைக்கே போய் நின்றது.

சிங்கம் எல்லாவற்றையும் கேட்டது. "பாவம்தான். ஆனா எல்லாரும் நேரே இங்கே வந்துட்டா, கீழே நீதிபதி எதுக்கு? உங்க குளத்துல ஆமை இருக்காரே, அவரைப் பார்த்தியா?"

"ஆமையா! அவர் கழுத்தை வெளியே நீட்டறதுக்கே பொழுது போயிடுமே, ராசா!"

"யாரு சொன்னா? செம்போத்தை மறுபடி விசாரிக்கச் சொல்ற அதிகாரம் அவருக்கு இருக்கு. முதல்ல அங்கே போ. அங்கேயும் நடக்கலைன்னா என்கிட்ட வா!"

கௌதாரிக்குத் தன்மேலேயே கோபம் வந்தது. பக்கத்திலேயே இருக்கிற ஆமையை விட்டுவிட்டு மலைக்கு ஓடினேனே! வந்த வழியே தடதடவென்று இறங்கியது.

ஆமை பாறைமேல் வெயில் காய்ந்துகொண்டிருந்தது. புகாரைப் பொறுமையாகக் கேட்டுவிட்டு, செம்போத்தை வரவழைத்தது.

"தவளையை விசாரிச்சியா?"

"இல்லீங்க..."

"பொந்தைப் பார்த்தியா?"

"இல்லீங்க..."

"அப்ப எதை வச்சு வழக்கை முடிச்சே?"

ஆமை கழுத்தை முழுதாக வெளியே நீட்டியது.

"மறுபடி விசாரி! தவளை சொல்றதை முழுசாக் கேளு. பொந்துக்குள்ள பாரு. துணைக்குக் காட்டெருமையைக் கூட்டிக்கோ. பொழுது சாயறதுக்குள்ள என்ன கண்டேன்னு இங்கே வந்து சொல்லணும்!"

காட்டெருமை வந்து நின்றால் பூனை என்ன செய்யும்? வாலைச் சுருட்டிக்கொண்டு வழி விட்டது. பொந்துக்குள் குஞ்சு உயிரோடு இருந்தது, பந்துபோல உருண்டு திரண்டு! "அம்மா!" என்று ஓடிவந்து சிறகுக்குள் புகுந்துகொண்டது. கௌதாரி அழுதேவிட்டது. ஆமையின் உத்தரவுப்படி பூனையை அதே பொந்துக்குள் தள்ளி, காட்டெருமை குறுக்கே படுத்துக்கொண்டது.

செம்போத்து நெஞ்சை நிமிர்த்தியது. "பார்த்தியாம்மா, கண்டுபிடிச்சுட்டேன்!"

"ஆமாங்க ஐயா. இதே மரத்தைத்தான் நானும் சொன்னேன். நான் கெஞ்சினப்போ நகராத கால், நீதிபதி கேட்டப்போ நகர்ந்துதே!"



விசாரிக்க வேண்டியவர் சரியாக விசாரிக்காமல் கைகழுவினால், அழுதுகொண்டு வீடு திரும்பாமல் நீதிமன்றத்தின் கதவைத் தட்ட வேண்டும். அதுவும் பக்கத்தில் இருக்கும் கதவை முதலில் தட்ட வேண்டும்.