பரிவட்டம் ஏறிய தலை

கூந்தலாற்றின் வடகரையை ஆண்ட குமார பூபதி நல்ல ராஜாதான். எதையும் பாதிதான் கேட்பார். கேட்ட பாதியை முழுசாக நம்பிவிடுவார். அது ஒன்றுதான் அவரிடம் தொல்லை.

அந்த வருஷம் மழைக்காலம் முழுவதும் ஊர் மடத்தில் ஒரு துறவி தங்கியிருந்தார். உள்ளது ஒன்றே, இரண்டாவது என்று ஏதும் இல்லை, நான் நீ என்று பிரித்துப் பார்ப்பது அறியாமை என்று அவர் ஒரு காலையில் விளக்கிக்கொண்டிருந்தார். ராஜா உருகிப்போனார். அந்த நேரம் பார்த்து, அரண்மனையில் இலை போட்டாயிற்று என்று ஆள் வந்து சொன்னான். ராஜா எழுந்தார். கூடவே சபையும் எழுந்தது. மீதிப் பேச்சைக் கடைசிவரை கேட்டவன் ராஜாவுக்குக் கட்டியம் கூறி, வேடிக்கை பேசிச் சிரிக்க வைக்கும் சோணாசலம் ஒருவன்தான். ஞானத் தாகம் ஒன்றும் இல்லை. கால் மரத்துப்போயிருந்தது.

மறுநாளிலிருந்து சபையில் அத்வைதம்தான். ஆட்டைப் பறிகொடுத்தவன் வந்து அழுதான். எடுத்தவனும் இழந்தவனும் ஒன்றாயிருக்கத் திருட்டு எங்கிருந்து வந்தது என்று கேட்டு ராஜா அவனை அனுப்பிவிட்டார். சோணாசலத்துக்குச் சிரிப்பு வந்தது. ராஜாவைச் சிரிக்க வைக்கிற வேலையை இனி ராஜாவே பார்த்துக்கொள்வார் போலிருக்கிறதே என்று நினைத்தான்.

தைப்பூசத்துக்கு முந்தின வாரம் கடைமடையிலிருந்து ஆவுடையாள் வந்தாள். அப்போது அந்தச் சிரிப்பு நின்றது.

கூந்தலாற்றுக் கால்வாயில் தண்ணீர் முறை வைத்துத்தான் பாயும். மேல்மடை வயல்கள் நனைந்ததும் அந்த மடையை அடைத்துக் கடைமடைக்கு விட வேண்டும். அந்த வருஷம் மேல்மடை அடைபடவே இல்லை. அங்கே கரும்பு போட்டிருந்தவர் ராணியின் தம்பி மருதப்பர். கடைமடையில் நெல் கதிர் வாங்குகிற சமயம். இன்னும் சில நாள் காய்ந்தால் அத்தனையும் பதராகிவிடும் என்று ஆவுடையாள் முறையிட்டாள். பக்கத்து ஆசனத்தில் மருதப்பர் மீசையைத் தடவிக்கொண்டிருந்தார்.

ராஜா கனிவாகத்தான் சொன்னார். "தாயே, மேல்மடை என்ன, கடைமடை என்ன? எல்லாம் ஒன்று. மருதப்பன் வயல் நனைந்தால் உன் வயல் நனைந்ததாகும்."

வாசலில் அவள் சோணாசலத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"நீங்கதானே அய்யா ராசாவைச் சிரிக்க வைக்கிறவரு?"

ஆமாம் என்றான்.

"நல்லா வையுங்க. எங்க பிள்ளைங்க பசியில அழுறது அவருக்குக் கேக்காம இருக்கும்."

அன்று சோணாசலத்துக்குச் சோறு இறங்கவில்லை.

பூசத்தன்று கோயிலில் ராஜாவுக்குத்தான் முதல் மரியாதை. கட்டியக்காரன் பெயரைச் சொல்வான். குருக்கள் சுவாமிக்குச் சாத்திய பட்டுத் துணியை அந்தத் தலையில் பரிவட்டமாகக் கட்டுவார். முதலில் ராஜா, அடுத்து மைத்துனர் என்ற முறையில் மருதப்பர், பிறகு ஊர்ப் பெரியவர்கள். பல தலைமுறையாக மாறாத வரிசை அது.

தீபாராதனை முடிந்தது. ராஜா வழக்கம்போலத் தலையைக் குனிந்து நின்றார். சோணாசலம் கழுத்தை ஒருமுறை தடவிப் பார்த்துக்கொண்டு உரக்கச் சொன்னான்:

"முதல் பரிவட்டம், மருதப்பருக்கு."

குருக்களின் கை அப்படியே நின்றது. மருதப்பர் வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. தலையை நீட்டினார். வேறு வழியில்லாமல் குருக்கள் கட்டியதும், மருதப்பர் தொங்கிய முனையை இழுத்துச் சரிசெய்துகொண்டார்.

ராஜா குனிந்த தலையை மெல்ல நிமிர்த்தினார்.

"சோணாசலம், அது யாருடைய பரிவட்டம்?"

"யாருடையது என்று மகாராஜாவே பிரித்துப் பேசலாமா? அவர் தலையில் ஏறினால் தங்கள் தலையில் ஏறியதாகும். போன வாரம் சபையில் சொன்ன தீர்ப்புத்தானே?"

"என் தலையில் ஒன்றும் இல்லையே!"

"ஆவுடையாள் வயலிலும் ஒன்றும் இல்லை, மகாராஜா."

ராஜாவின் முகம் சிவந்தது, பிறகு வெளுத்தது. அவர் மைத்துனரின் தலையைப் பார்த்தார். அதிலிருந்த பரிவட்டத்தைப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார்.

"அப்படியானால் சாமியார் சொன்னது பொய்யா?" என்று கேட்டார். குரலில் கோபத்தைவிட ஏமாற்றமே அதிகமாக இருந்தது.

"பொய்யில்லை. தாங்கள் சாப்பிடப் போன பிறகும் அவர் பேசிக்கொண்டுதான் இருந்தார். உலகம் கனவு என்பது விழித்தவனுக்குத்தானாம். கனவுக்குள் இருக்கிறவனுக்குத் தாகம் எடுத்தால் கனவுத் தண்ணீரையாவது கொடுக்கத்தான் வேண்டும் என்றார்."

ராஜா காவலர் தலைவனைக் கூப்பிட்டு, மேல்மடையை இந்தக் கணமே அடைக்கச் சொன்னார்.

மருதப்பர் பதறிப்போனார். "அத்தான், என் கரும்பு?"

"கடைமடை நெல் நனைந்தால் உன் கரும்பு நனைந்ததாகும், போடா."

சொல்லிவிட்டு ராஜாவுக்கே சிரிப்பு வந்துவிட்டது. வயிறு குலுங்கச் சிரித்தார். அந்தச் சிரிப்பு முடிவதற்குள் கூட்டத்தின் கடைசியில் நின்ற ஆவுடையாள் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு கால்வாய்ப் பக்கம் ஓடிவிட்டாள். அவள் பின்னால் கடைமடைக்காரர்கள் அத்தனை பேரும் ஓடினார்கள். பிரசாதம் வாங்கக்கூட ஒருவரும் நிற்கவில்லை.

ராஜா தம் தோளிலிருந்த சரிகைச் சால்வையை எடுத்தார். சோணாசலம் பணிவாக முன்னால் வந்து குனிந்தான். ராஜா சால்வையைச் சட்டென்று மருதப்பர் பக்கம் திருப்பினார்.

"இதை இவன் தோளில் போட்டால் உனக்குப் போட்ட மாதிரிதானே, சோணாசலம்?"

சோணாசலம் குனிந்த தலையை நிமிர்த்தவே இல்லை.

"அடியேன் இன்னும் விழிக்கவில்லை, மகாராஜா. கனவில் ரொம்பக் குளிருகிறது."