கூடுநாள் கல்

"ஐயா, இந்த ஒரு தடவை கூடுநாளைக் கொஞ்சம் முன்னால் கொண்டுவரக் கூடாதா?"

வேலம்மை இப்படிக் கேட்டபோது, கணியர் முற்றத்துக் குழிகளில் விழுந்த சருகுகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தார்.

அந்த நாட்டு வானத்துக்கு இரண்டு நிலா. ஒன்றைப் பெரியவள் என்பார்கள், மற்றதைச் சின்னவள் என்பார்கள். ஒருத்தி ஒரு வழியாய்ப் போவாள், இன்னொருத்தி வேறு வழியாய் வருவாள். இரண்டு பேரும் ஒட்டி நிற்கிற நாள்தான் கூடுநாள். பேச்சை நிறுத்திக்கொண்டவர்கள் மறுபடி பேசுவதற்கு அந்த ஊர்ப் பஞ்சாங்கத்தில் அந்த ஒரு நாள்தான். அது வர வருஷத்துக்கு மேலாகும்.

நாள் கணக்கெல்லாம் குன்றின்மேல் கணியரிடம் இருந்தது. பாறை முற்றம் முழுக்க வரிசை வரிசையாய்க் குழிகள், நாளுக்கு ஒன்று. இன்றைய குழியில் வெள்ளைக் கல் இருக்கும். கூடுநாள் குழியில் சிவப்புக் கல். தினமும் விடிந்ததும் கணியர் வெள்ளைக் கல்லை ஒரு குழி தள்ளி வைப்பார்.

பிள்ளைகளுக்கெல்லாம் கல்யாணம் செய்துவைத்துவிட்டு, நாள் எண்ணக் கற்றுக்கொள்ள மலையேறி வந்தவள் வேலம்மை. கணியர் வயதில் அவளுக்குத் தம்பி மாதிரி. ஆனாலும் ஐயா என்றுதான் கூப்பிடுவாள்.

"யாருக்காக அம்மா?" என்றார் கணியர்.

"என் தங்கை சொர்ணத்துக்கு உடம்பு முடியவில்லை. கஞ்சிகூட இறங்கவில்லையாம். கூடுநாள்வரை தாங்காது என்கிறார்கள்."

"என்ன சண்டை?"

"என் மகள் கல்யாணத்தில் அவளை முதல் பந்தியில் உட்காரவைக்க மறந்துவிட்டேன். இரண்டாம் பந்திக்கு இலை போடும்போது ஆளைக் காணோம்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான். தினமும் விளக்கேற்றும்போது அவள் பேரைச் சொல்லித்தான் கும்பிடுகிறேன்."

"அது அவளுக்குக் கேட்குமா?"



கணியர் எழுந்து, தூரத்து வரிசைக்குப் போனார். சிவப்புக் கல்லை எடுத்துவந்து அவள் கையில் வைத்தார்.

"நீங்களே வையுங்கள். எந்தக் குழியில் வைத்தாலும் அதுதான் கூடுநாள். ஊருக்கு நான் சொல்லிக்கொள்கிறேன்."

"நிலா ஒத்துக்கொள்ள வேண்டாமா ஐயா?"

"அது எங்கே இறங்கி வந்து கேட்கப்போகிறது?"

வேலம்மை கல்லைக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். வெள்ளைக் கல்லுக்குப் பக்கத்தில் குனிந்தாள். அங்கிருந்து குழி குழியாய் விரலால் தொட்டுக்கொண்டே போனாள். கொஞ்சம் தள்ளி ஒரு குழியில் சிவப்புக் கல்லை வைத்தாள்.

கணியர் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"ஏன் அங்கே?"

"தினைமாவு என்றால் அவளுக்கு உயிர். வெறுங்கையோடு எப்படிப் போவது? ஊறவைக்க வேண்டும், உலர்த்த வேண்டும், இடிக்க வேண்டும்."

"கஞ்சியே இறங்கவில்லை என்றீர்கள்."

அவள் முந்தானையைச் சரிசெய்துகொண்டாள்.

"நல்ல புடவை ஒன்று துவைத்துக் காயப்போடணும். அவள் புகுந்த வீடு, நாலு பேர் பார்ப்பார்கள்."

"சரி. அதற்கப்புறமும் ஒரு குழி விட்டிருக்கிறீர்களே?"

வேலம்மையின் குரல் இறங்கிவிட்டது.

"அதற்குள் அவளே ஆள் அனுப்பிக் கூப்பிட மாட்டாளா என்று விட்டேன்."

கணியர் அவளுக்கு எதிரே குந்தி உட்கார்ந்தார்.

"இதே கல்லை என் குரு என் கையில் கொடுத்தார்."

"நீங்கள் யாருக்காகக் கேட்டீர்கள் ஐயா?"

"அண்ணனுக்காக."

"எங்கே வைத்தீர்கள்?"

அவள் வைத்த கல்லுக்கு அடுத்த குழியைத் தொட்டுக் காட்டினார்.

"நீங்கள் வைத்ததற்கும் ஒரு குழி தள்ளி."

"அப்புறம்?"

கணியரின் விரல் ஒரு குழி பின்னால் வந்தது.

"வெள்ளைக் கல் இங்கே இருக்கும்போது, அண்ணன் போய்விட்டார் என்று ஆள் வந்து சொன்னான்."

வேலம்மை சிவப்புக் கல்லை எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டு இறங்கிவிட்டாள். அவள் செருப்பு முற்றத்து ஓரத்திலேயே கிடந்தது.

போய்ச் சேரும்போது விளக்கு வைக்கும் நேரம். சொர்ணம் கண்ணைத் திறந்து அக்காவைப் பார்த்தாள். உதடு அசைந்தது. சத்தம் வரவில்லை.

"நேற்றுவரைக்கும் பேச்சு இருந்தது அண்ணி," என்றார் சொர்ணத்தின் புருஷன். "அக்கா வந்தாச்சா, அக்கா வந்தாச்சா என்று அதே பேச்சுதான்."

வேலம்மை பக்கத்தில் உட்கார்ந்து, முடிச்சை அவிழ்த்துக் கல்லைத் தங்கையின் உள்ளங்கையில் வைத்தாள். அந்த விரல்கள் மெல்ல மூடிக்கொண்டன.

காரியமெல்லாம் முடிந்து அவள் மறுபடி மலையேறி வந்தாள்.

"கல் எங்கே அம்மா?"

"அவள் கடைசிவரை விடவில்லை ஐயா. கல்லோடேயே அனுப்பிவிட்டோம்."

கணியர் வேறு சிவப்புக் கல் தேடவில்லை.

கொஞ்ச நாள் கழித்து ஊரிலிருந்து ஒருவர் மூச்சு வாங்க ஏறி வந்தார். முற்றம் முழுக்கப் பார்த்தார்.

"என்ன சாமி, சிவப்புக் கல்லைக் காணோம்? எனக்கும் தம்பிக்கும் பேச்சு நின்று எவ்வளவோ காலமாச்சு. கூடுநாள் என்றைக்கு என்று தெரிந்தால்தானே போகலாம்?"

கணியர் திரும்பி வேலம்மையைப் பார்த்தார். அவள் முற்றத்தைக் கூட்டிக்கொண்டிருந்தாள். தலை நிமிராமலே கேட்டாள்.

"தம்பி வீடு எவ்வளவு தூரம் அண்ணே?"