எல்லைக்கல்லும் நாலு வரி மனுவும்

மூன்று பேர், மூவரும் ஒரே புகாரைச் சொல்கிறார்கள்: "நம்பினேன், கழுத்தை அறுத்துவிட்டான்." மூவர் கழுத்தும் அறுபட்டிருக்க முடியாது என்பது என் கட்சி. கதையைக் கேட்டுவிட்டு நீங்களே சொல்லுங்கள். நடுவில் நான் சொல்வது எதையும் வளவள என்று ஒதுக்கிவிட வேண்டாம்.

செங்கரைப்பட்டி முன்சீப் கோர்ட்டில் பூமிநாதன் நல்ல வக்கீல். அவரிடம் இருபத்திரண்டு வருஷம் குமாஸ்தாவாக இருந்தவர் தவசி. ஊருணித் தெருவில் குடியிருப்பு. ஐப்பசி மழை வந்தால் அந்தத் தெரு முழங்கால் தண்ணீரில் நிற்கும். தெருத் தண்ணீர் ஊருணிக்குப் போகும் ஓடை, அடைக்கலம் என்பவரின் அரிசி மில் பக்கம் வந்ததும் காணாமல் போய்விடும்.

ஓடையை ஆக்கிரமித்ததாகப் பேரூராட்சி ஒருமுறை அடைக்கலத்துக்கு நோட்டீஸ் அனுப்பியது. அவர் பூமிநாதனிடம் ஓடி வந்தார். அறையில் மூன்று பேர்தான் இருந்தார்கள்.

"வக்கீலய்யா, உங்ககிட்ட மறைக்கக் கூடாது. அந்த எல்லைக்கல்லை எங்கப்பாதான் ராவோட ராவா தள்ளி நட்டாரு."

பூமிநாதன் தவசியைத் திரும்பிப் பார்த்தார். "இங்க கேட்டது இங்கயே இருக்கணும், தவசி."

"சரிங்கய்யா."

வழக்கில் பூமிநாதன் கல்லைப் பற்றி மூச்சே விடவில்லை. நிலத்தை அளக்காமலே அனுப்பிய நோட்டீஸ் செல்லாது என்று வாதாடினார். நீதிபதியும் அதையே தீர்ப்பாக எழுதினார். டீக்கடை வரைக்கும் அந்தத் தீர்ப்பு பேசப்பட்டது. அதன் பிறகு பதினோரு மழைக்காலம் தவசி தன் வீட்டுக் கட்டிலைச் செங்கல் வைத்து உயர்த்திக்கொண்டார். வாயைத் திறக்கவில்லை.

பிறகு பூமிநாதனுக்கு எம்.எல்.ஏ. ஆசை வந்தது. சுயேச்சையாக நின்றார். சுயேச்சைக்குப் பத்துப் பேர் முன்மொழிய வேண்டும்; முதல் கையெழுத்து தவசியுடையது. ஓட்டுக் கேட்டுப் போன ஜீப் அடைக்கலத்துடையது. அந்த ஜீப்பிலேயே ஊருணித் தெருவுக்கு வந்து நின்று, "நான் ஜெயித்த முதல் வருஷமே ஓடையைத் திறப்பேன். இது சத்தியம்" என்று மைக்கில் சொன்னார். தெருவே கை தட்டியது. தவசிக்குக் கண் கலங்கிவிட்டது. ஐயா ஏதோ வழி வைத்திருக்கிறார் என்று நினைத்தார், பாவம்.

ஜெயித்தார். முதல் மழை போயிற்று, இரண்டாவதும் போயிற்று. மூன்றாவது மழையில் தவசியின் மனைவி பஞ்சவர்ணத்தின் தையல் மெஷின் தண்ணீரில் மூழ்கியது. தீபாவளிக்குத் தைக்க வந்திருந்த ஊரார் துணியெல்லாம் சேறு. ஒவ்வொரு மழைக்கும் போலவே தவசி அந்த முறையும் எம்.எல்.ஏ. வீட்டுக்குப் போய் நின்றார்.

"நான் என்ன செய்யட்டும், தவசி? கல்லு நகர்ந்ததுன்னு நான் சொன்னா, என்னை நம்பி வந்த கட்சிக்காரனுக்குத் துரோகம். வக்கீல் செய்யற காரியமா அது?"

"அப்ப மைக்குல சத்தியம் பண்ணுனீங்களேய்யா?"

பூமிநாதன் செய்தித்தாளை விரித்துக்கொண்டார்.

வீட்டுக்கு வந்தால் பஞ்சவர்ணம் ஈரத்துணியைப் பிழிந்துகொண்டிருந்தாள். "ஐயா ஜெயிச்சா விடிவுகாலம்னு நீங்கதான தெருவெல்லாம் சொன்னீங்க? இப்ப எம் மூஞ்சியப் பாத்துக் கேக்குறாளுக." தவசிக்கு, தான் ஏமாந்தது போதாதென்று தெருவையும் ஏமாற்றிவிட்டோமே என்ற வலி. உட்கார்ந்து தாசில்தாருக்கு நாலு வரி மனு எழுதினார். ஊருணித் தெருவில் குடியிருப்பவன், தெருவில் தண்ணீர் நிற்கிறது, மில் இடம் அளக்கப்படவில்லை என்று கோர்ட்டே சொல்லியிருக்கிறது, அளந்து தர வேண்டும். அவ்வளவுதான்.

சர்வேயர் வந்து சங்கிலி போட்டு அளந்தார். கல் பதினெட்டு அடி தள்ளி இருந்தது. ஓடை திறந்தது. அடுத்த ஐப்பசியில் தெருவில் கொலுசு நனையும் அளவுக்குக்கூடத் தண்ணீர் நிற்கவில்லை.

அடைக்கலம் எம்.எல்.ஏ. வீட்டு வாசலில் வந்து கத்தினார்: "நம்பிச் சொன்னதை வெளிய விட்டுட்டீங்களே!" பூமிநாதன் தவசியைக் கூப்பிட்டு, "இருபத்திரண்டு வருஷம் சோறு போட்ட கையைக் கடிச்சிட்டியே, துரோகி. இனி இந்தப் படி ஏறாதே" என்றார். தவசி படியிறங்கும்போது ஒன்றுதான் சொன்னார்: "நான் யாருகிட்டயும் ஒரு வார்த்தை சொல்லலய்யா. நீங்கதான் எங்களுக்குச் சொன்னதைச் செய்யல."

இப்போது சொல்லுங்கள். இந்த மூவரில் உண்மையாகவே துரோகத்துக்கு ஆளானவர் யார்?

விடை: தவசி. அடைக்கலத்தின் ரகசியம், அவரே வாசலில் வந்து கத்தும்வரை, எவர் வாயிலிருந்தும் வரவில்லை. கல் இருந்த இடத்தைச் சங்கிலி சொன்னது, யார் எப்போது நகர்த்தினார் என்பதை அது சொல்லவில்லை. மனுவில் இருந்ததோ, டீக்கடைக்கே தெரிந்த தீர்ப்பு. தண்ணீரில் நிற்கிற எவனும் அதை எழுதலாம். பூமிநாதனும் அந்த நாலு வரியை எழுதியிருக்கலாம்; ரகசியமும் பிழைத்திருக்கும், சத்தியமும் பிழைத்திருக்கும். அளக்கவில்லை என்ற வாதத்தைக் கண்டுபிடித்தவரே அவர்தான், வழி தெரியாமல் இருந்திருக்குமா? ஜீப் கொடுத்தவரைப் பகைத்துக்கொள்ள மனமில்லாமல், தொழில் தர்மத்தை முன்னால் நிறுத்தி அதன் பின்னால் ஒளிந்துகொண்டார். தவசி இன்று வேறொரு வக்கீலிடம் வேலை பார்க்கிறார். அந்த வேட்புமனுவில் முதலில் போட்ட கையெழுத்தைத் திரும்ப வாங்க ஏதாவது மனு உண்டா என்று ஒருநாள் என்னிடம் கேட்டார். எனக்குத் தெரிந்து இல்லை.