கொக்கு கொண்டுவந்த குட் நைட்

ஆலங்குட்டையில் அந்தக் கோடை முழுக்க ஒரு காட்டுப்பன்றியும் முயலும் ஆந்தையும் தவளைக் குடும்பமும் கரிச்சான் குருவியும் கொக்கும் ஒரே தண்ணீரைக் குடித்தன.

காட்டில் வேறெங்கும் சொட்டுத் தண்ணீர் இல்லை. அதனால் ஒரு கட்டுப்பாடு போட்டுக்கொண்டார்கள். இந்தக் குட்டையில் வாய் வைத்தவர் இன்னொருவர்மேல் வாய் வைக்கக் கூடாது! மீன் மட்டும் விலக்கு. மீன்களை யாரும் கூட்டத்துக்குக் கூப்பிடவில்லை.

தினமும் பொழுது சாயும்போது கூப்பாடு நடக்கும். பன்றிதான் ஆரம்பிக்கும்.

"முயலே, இருக்கியா?"

"இருக்கேன்! ஆந்தையே, இருக்கியா?"

"இருக்கேன், இப்பத்தான் எந்திரிச்சேன்! பொன்னாயி, இருக்கியா?"

தவளைப் பொன்னாயிக்கு ஆறு பிள்ளைகள். மூத்தவன் நெட்டையன். கடைசி கடுகு. "இருக்கேன்! நெட்டையா, இருக்கியா?" என்று தொடங்கி, "கடுகு, இருக்கியா?" என்பதுவரை ஒவ்வொருவராகக் கேட்டு, பதில் வாங்கி, அப்புறம்தான் அடுத்தவரைக் கூப்பிடும். பதில் வராவிட்டால் எல்லாரும் தேடக் கிளம்பணும். போன மாதம் பன்றி சேற்றில் இடுப்புவரை மாட்டிக்கொண்டபோது அப்படித்தான் கண்டுபிடித்து இழுத்தார்கள். இழுத்ததில் முயலுக்கு இன்னும் முதுகு வலி.

குட்டை வற்ற வற்ற மீன் குறைந்தது. கொக்கு ஒரு நாள் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டு காட்டோரத்துப் பங்களாவுக்குப் பறந்துபோனது. அங்கே தாமரைத் தொட்டியில் மூன்று நாள் நின்றது. திரும்பி வரும்போது நடையே மாறியிருந்தது. ஒரு காலைத் தூக்கினால் அடுத்த காலை வைப்பதற்குள் ஒரு தூக்கம் போடலாம்.

அன்று பன்றி கூப்பாட்டுக்கு வாயைத் திறந்ததும் கொக்கு இறக்கையை உயர்த்தியது.

"மக்களே! நிறுத்துங்கள் இந்தக் காட்டுக் கத்தலை!"

"காட்டுல காட்டுக் கத்தல் கத்தாம வேற என்னத்தக் கத்துறது?" என்றது பன்றி.

"நாகரிகமானவர்கள் தூங்கப் போகும்முன் கத்துவதில்லை. 'குட் நைட்' என்பார்கள்."

"அப்படின்னா?"

"இரவு நல்லதாக இருக்கட்டும் என்று அர்த்தம்."

"ராத்திரி எப்பவும் நல்லாத்தான் இருக்கு. பகல்தான் கண்ணு கூசுது. அதுக்கு ஏதாவது சொல்லுவாங்களா?" என்று கேட்டது ஆந்தை.

கொக்கு காதில் வாங்கவில்லை. "முதல் விதி. பார்த்த உடனே குட் நைட் சொல்லக் கூடாது. பிரியும்போதுதான் சொல்ல வேண்டும். சொன்னால் கிளம்பிவிட வேண்டும். அதன் பிறகு ஒரு வார்த்தை பேசக் கூடாது. மாற்றிச் சொல்பவன் பட்டிக்காட்டான்!"

"நாம இன்னும் பட்டிக்காடே ஆகலியே அண்ணே. வெறும் காடுதானே!" என்றது முயல்.

"அதனால்தான் சொல்லித் தருகிறேன்!"

எல்லாருக்கும் பிடித்துப்போனது. வாயில் போட்டால் பனங்கற்கண்டு மாதிரி இருந்தது அந்த வார்த்தை. பன்றி "உர்ர்… குட்டு நைட்டு!" என்றது. முயல் ஒரே மூச்சில் பதினோரு முறை சொன்னது. பொன்னாயி வீட்டில் ஆறு பிள்ளைகளும் தாளம் போட்டன. கூப்பாடு அன்றோடு நின்றது.

இரண்டு நாளில் சண்டை வந்தது.

"நான் சொன்னேன். அந்த முயல் திருப்பிச் சொல்லல!" என்று பன்றி உறுமியது.

"சொன்னேனே! நீங்க உறுமினதுல கேக்கல!" என்றது முயல்.

"எனக்கு நாலாவதாத்தான் சொன்னாங்க. நான் என்ன நாலாவதா?" என்று பொன்னாயி முகத்தைத் திருப்பிக்கொண்டது.

ஆந்தையின் கதை தனி. எல்லாரும் தூங்கப் போகும் நேரத்தில்தான் அது வேலைக்குக் கிளம்பும். "வேலைக்குப் போறவனைப் பார்த்துத் தூங்கப் போன்னா எப்படி? எனக்கு விடிகாலையில சொல்லுங்க!" என்றது. தினமும் விடிகாலையில் ஒவ்வொரு பொந்தாகத் தட்டி, எழுப்பி, "எனக்கு இன்னும் சொல்லலையே!" என்று கேட்டு வாங்கிக்கொண்டு போய்ப் படுத்தது.

இரவு நல்லதாக இருக்கட்டும் என்று ஒருவரையொருவர் வாழ்த்தி வாழ்த்தியே யாருக்கும் தூக்கம் இல்லை.

கொக்கு இதற்காகத்தான் காத்திருந்தது. நேராகக் கரிச்சானிடம் போனது.

கரிச்சானுக்கு எல்லார் குரலும் வரும். பன்றியின் குரலில் முயலைத் திட்டும். முயலின் குரலில் பன்றியிடம் மன்னிப்புக் கேட்கும். இரண்டும் கட்டிக்கொண்டு அழும்போது மரத்திலிருந்து விழுந்து விழுந்து சிரிக்கும்.

"தம்பி கரிச்சான், உன் திறமை இந்தக் கிளையோடு வீணாகிறது. இனிமேல் எல்லாருக்காகவும் நீயே குட் நைட் சொல்லிவிடேன்!"

"எல்லாருக்குமா?"

"பன்றிக்குப் பன்றிக் குரல். தவளைக்குத் தவளைக் குரல். எனக்கு என் குரல். எனக்கும் தொண்டை சரியில்லை."

"பொன்னாயி அக்கா பிள்ளைங்க ஆறு பேருக்கும் ஆறு குரல் இருக்கு அண்ணே! கடுகுக்கு மூக்கடைச்ச மாதிரி வரும். செஞ்சு காட்டவா?"

"அடடா! செய், செய்! ஆனால் கண்ணை மூடிக்கொண்டு செய். அப்போதுதான் குரல் உருகும். கேட்பவர்களும் கண்ணை மூடித் தலையைக் குனிந்துகொள்ள வேண்டும். பங்களாவில் அதுதான் மரியாதை."

அன்று மாலை கரிச்சான் ஆலமர உச்சியில் உட்கார்ந்தது. கீழே எல்லாரும் கண்ணை மூடித் தலையைக் குனிந்தார்கள்.

"உர்ர்… குட்டு நைட்டு!" பன்றி மகிழ்ந்துபோனது. தன் குரல் இவ்வளவு கம்பீரமா என்று அதற்கு அன்றுதான் தெரிந்தது. "குட் நைட், மக்களே!" என்று கொக்கின் குரல் வந்தது. "க்ராக், குட் நைட்மா!" என்று ஆறு தவளைக் குரல்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. கடைசிக் குரல் மூக்கடைத்திருந்தது. கடுகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான்.

யாரும் வாயைத் திறக்க வேண்டியதில்லை. யாரையும் பார்க்க வேண்டியதில்லை. என்ன வசதி! எல்லாரும் நிம்மதியாகத் தூங்கினார்கள். மூன்றே நாளில் அது கரிச்சானின் குரல் என்பதே மறந்துபோனது.

நாலாம் நாள் காலை பொன்னாயி குட்டையைச் சுற்றிச் சுற்றித் தாவியது.

"எம்புள்ள நெட்டையனைப் பார்த்தீங்களா?"

"நேத்து சாயங்காலம் இருந்தானே! குட் நைட் சொன்னானே! நான் கேட்டேனே!" என்றது முயல்.

"நானும் கேட்டேன். நல்லாத் தெளிவாச் சொன்னான்," என்றது பன்றி.

கொக்கு ஒற்றைக் காலில் நின்றபடி கண்ணைத் துடைத்துக்கொண்டது. "வேறு குட்டைக்குப் போயிருப்பான் அம்மா. இளவட்டம்! சொல்லாமல் போனால் கவலைப்படலாம். சொல்லிவிட்டுத்தானே போயிருக்கிறான்!"

"ஆமாமா, சொல்லிட்டுத்தான் போயிருக்கான்," என்று எல்லாரும் தலையாட்டினார்கள். அப்படியே கலைந்தார்கள்.

பொன்னாயி மட்டும் ஆலமரத்தடியில் உட்கார்ந்து முணுமுணுத்தது. "ஆறு குரலும் கேட்டுச்சே. நான்தான் எண்ணினேனே. ஆறும் கேட்டுச்சே…"

மேலே கரிச்சானுக்கு அது கேட்டது. கீழே இறங்கி வந்தது.

"அக்கா… அந்த ஆறும் நான்தான்."

பொன்னாயி நிமிர்ந்து பார்த்தது. "அப்போ நேத்து 'குட் நைட்மா'ன்னது… நீயா? எம்புள்ள இல்லையா?"

கரிச்சானிடம் இருபது குரல் இருந்தது. இதற்குப் பதில் சொல்ல அதில் ஒன்றுகூட உதவவில்லை. "நான்தான் அக்கா," என்று தன் சொந்தக் குரலில் சொன்னது. அந்தக் குரல் அதற்கே புதிதாக இருந்தது.

"நான் கண்ணை மூடிக்கிட்டிருந்தேன்," என்றது மறுபடி. "எல்லாரும் மூடிக்கிட்டிருந்தாங்க."

"எல்லாருமா?" என்றது பொன்னாயி. பிறகு மெதுவாகத் திரும்பிக் கொக்கைப் பார்த்தது. கொக்கு அன்று காலையிலிருந்து மீன் தேடவே இல்லை. வயிறு மட்டும் நன்றாகத் தொப்பை போட்டிருந்தது.

"சொன்னா நம்புவாங்களா?" என்றது பொன்னாயி.

"நம்ப மாட்டாங்க. அவரு பங்களாவுக்குப் போயிட்டு வந்தவரு. இன்னிக்கு நான் குட் நைட் சொல்லப் போறதில்லை அக்கா. நீங்க பிள்ளைங்களைக் கல்லுக்கடியில வெச்சுக்குங்க. மீதியை நான் பாத்துக்கிறேன்."

மாலை வந்தது. எல்லாரும் வழக்கம்போல் கண்ணை மூடித் தலையைக் குனிந்தார்கள். பொன்னாயி ஐந்து பிள்ளைகளையும் கல்லுக்கடியில் தள்ளி வாசலில் உட்கார்ந்தது. ஆனால் கல்லுக்குப் பின்னால் ஒரு சந்து இருந்தது. தன் மூக்கடைத்த குரலை மரத்திலிருந்து கேட்பதென்றால் கடுகுக்கு உயிர். அவன் அந்தச் சந்து வழியாக நழுவிக் கரைக்கு வந்து, மேலே பார்த்தபடி காத்திருந்தான்.

மேலிருந்து குட் நைட் வரவில்லை.

"பன்றியண்ணே, இருக்கியா?"

பழைய கூப்பாடு! பன்றி திடுக்கிட்டுக் கண்ணைத் திறந்தது. "இருக்கேன்!" என்று பழக்கத்தில் கத்தியது. "முயலே, இருக்கியா?"

"இருக்கேன்! ஆந்தையே, இருக்கியா?"

"இருக்கேன், இப்பத்தான் எந்திரிச்சேன்! பொன்னாயி, இருக்கியா?"

"இருக்கேன்!" பொன்னாயி பிள்ளைகளைக் கேட்டது. நாலு பிள்ளைகள் பதில் சொன்னார்கள். "கடுகு, இருக்கியா?"

பதில் இல்லை.

"கடுகு! டேய் கடுகு!"

தண்ணீர் அலை அடிக்கும் சத்தம் மட்டும் கேட்டது. பொன்னாயி கல்லுக்கடியில் தலையை நுழைத்துத் தேடியது. அடுத்த பேரைக் கூப்பிட அதற்கு நினைவில்லை. கரிச்சான்தான் கூப்பிட்டது.

"கொக்கண்ணே, இருக்கியா?"

அங்கேயும் பதில் இல்லை.

கொக்கு கரையில்தான் நின்றது. அலகை இறுக்கி மூடியிருந்தது. விழுங்கலாம் என்றால் எல்லாக் கண்ணும் திறந்திருக்கிறது. அந்த நீளக் கழுத்தில் ஒரு கடுகு இறங்கினாலும் குட்டை முழுக்கத் தெரியும். அதனால் தலையை மட்டும் ஆட்டியது.

"தலையாட்டினா செல்லாது! வாயைத் திறந்து சொல்லணும்!" என்றது பன்றி.

"ம்," என்றது கொக்கு.

"ம்மா? பங்களாவுல இப்படித்தான் சொல்லுவாங்களா?" என்றது முயல்.

கொக்கு இறக்கையால் தொண்டையைத் தொட்டுக் காட்டியது. பாவம், தொண்டை சரியில்லை என்று ஆந்தை பரிதாபப்பட்டது. கொக்கு மெல்லத் திரும்பிப் பறக்கச் சிறகை விரித்தது. பறந்துவிட்டால் கதை முடிந்தது.

கடுகு அந்த அலகுக்குள்தான் என்று கரிச்சானுக்குப் புரிந்தது. அலகைத் திறக்கவைக்க என்ன வழி? கொக்குக்கு உயிரைவிட எது பெரிது? சட்டென்று அது நெஞ்சை நிமிர்த்தியது. அச்சு அசல் கொக்கின் குரலில் குட்டை அதிர முழங்கியது.

"வாருங்கள், வாருங்கள், மக்களே! உங்களைப் பார்த்ததும் எனக்கு மகிழ்ச்சி! அனைவருக்கும் குட் நைட்! உட்காருங்கள்! இப்போதுதானே வந்தீர்கள்? விடிய விடியப் பேசலாம்! குட் நைட், குட் நைட்! எப்போது வந்தாலும் முதலில் குட் நைட் சொல்லுங்கள்!"

கொக்கின் கொண்டை சிலிர்த்தது. வந்தவர்களுக்குக் குட் நைட்டா? அதுவும் என் குரலிலா? நாளைக்குப் பங்களாவில் கேள்விப்பட்டால் என்ன நினைப்பார்கள்?

கரிச்சான் விடவில்லை. "குட் நைட்! சாப்பிட்டீர்களா? குட் நைட்! வீட்டில் எல்லாரும் சௌக்கியமா?"

கொக்கால் தாங்க முடியவில்லை.

"அட மடையா! பார்த்ததும் சொல்லக் கூடாது என்று எத்தனை முறை சொன்னேன்! குட் நைட் சொன்னால் கிளம்ப வேண்டுமடா!"

தொபுக்!

அலகிலிருந்து கடுகு சேற்றில் விழுந்தான். எழுந்தான். ஒரு தும்மல் தும்மினான். "இருக்கேன்மா!" என்றான், மூக்கடைத்த குரலில்.

பொன்னாயி ஒரே தாவலில் அவனைக் கவ்வி இழுத்துக்கொண்டது. அப்புறம் கொக்கைப் பார்த்தது. "எம் மூத்தவன் எங்க?" என்று கேட்டது.

கொக்கு கீழே பார்த்தது. தொப்பையை இறக்கையால் மறைத்துக்கொண்டது. அதுவே பதிலாகப் போயிற்று.

பன்றி கோரைப் பல் தெரிய முன்னால் வந்தது. ஆந்தை கிளையிலிருந்து இறங்கியது. முயல்கூட முதுகு வலியை மறந்து நிமிர்ந்தது.

"மக்களே… ஒரு சிறிய தவறான புரிதல்…" என்று ஆரம்பித்தது கொக்கு.

"குட்டு நைட்டு, கொக்கண்ணே!" என்றது பன்றி.

"பேசிக்கொண்டிருக்கும்போது எப்படி…"

"சொன்னா கிளம்பணும். அப்புறம் ஒரு வார்த்தை பேசக் கூடாது. விதி நீதானே போட்டே? குட்டு நைட்டு!"

"குட் நைட்!" "குட் நைட்!" "குட் நைட்!" என்று குட்டையைச் சுற்றிலும் முழங்கியது. இந்தமுறை யாரும் கண்ணை மூடவில்லை. கொக்கு எழும்பிப் பறந்தது. அதன் பிறகு ஆலங்குட்டைப் பக்கம் வரவே இல்லை.

மறுநாள் முதல் பழைய கூப்பாடு நடந்தது. பொன்னாயி தினமும் "நெட்டையா, இருக்கியா?" என்றே தொடங்கும். கொஞ்ச நேரம் காத்திருக்கும். அப்புறம் அடுத்த பிள்ளையைக் கூப்பிடும். கரிச்சானுக்கு நெட்டையன் குரல் நன்றாக வரும். ஆனால் அந்த நேரத்தில் அது வாயைத் திறந்ததே இல்லை.

கண்ணை மூடிக்கொண்டு நூறு பேருக்கு வாழ்த்துச் சொல்வதைவிட, கண்ணைத் திறந்து ஒருவரை 'இருக்கியா?' என்று கேட்டுப் பதிலுக்குக் காத்திருப்பதே உண்மையான அக்கறை.