மண் பூசிய டிரம்

"நான் வாட்டுன கறி கசக்குது, தாயி," என்று பொட்டலத்தை நீட்டினார் சவரியப்பன்.

பிரகாசி பொட்டலத்தைப் பிரித்தாள். ஒரு விலா எலும்பை எடுத்துக் கடித்தாள். மென்றாள். வேலிப்பக்கம் திரும்பித் துப்பினாள்.

"ஆமா. கசக்குது."

அவ்வளவுதான். பன்றிகளுக்குத் தவிடு கலக்கப் போய்விட்டாள்.

மலைச்சரிவில் பன்றி வளர்த்து, கறியைப் புகையில் வேகவைத்து விற்பவள் அவள். நாற்பது வயதுகூட ஆகவில்லை. ஊரில் கேலியாக அவளுக்குப் புகைச்சாமி என்று பேர். கேலி செய்கிறவர்களே, மனசு சரியில்லாவிட்டால், கறி வாங்குகிற சாக்கில் மேலே ஏறிப் போவார்கள். கேட்டால் ஒத்துக்கொள்ள மாட்டார்கள்.

சவரியப்பனுக்கு அறுபத்து மூன்று வயது. அவர் கறி வாங்க வரவில்லை.

"என் பையன் டெனிஸுக்கு ஆண்டு நினைவு வருது. இன்னும் மூணு வாரம்," என்றார்.

டெனிஸ் ஒரு தங்கும் விடுதியில் சமையல்காரனாக இருந்தவன். எண்ணெய் டிரம் ஒன்றை வெட்டி, கீழே நெருப்புக்கும் மேலே கறிக்கும் இடம் வைத்து, வீட்டுக்குப் பின்னால் நிறுத்தியிருந்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் அதில் பன்றி விலாவை வாட்டுவான். அவனுக்கு அதைவிடப் பிடித்தது எதுவுமில்லை.

செத்தவனுக்குப் பிடித்ததைச் சமைத்து, பெற்றவள் முதல் வாய் எடுத்த பிறகே வந்தவர்களுக்குப் பரிமாறுவது அவர்கள் குடும்பத்து வழக்கம்.

"அவன் அம்மா மதலேனா வாயே தொறக்க மாட்டேங்குறா. பையனப் பொதைச்ச நாள்லேருந்து எங்கிட்ட ஒரு வார்த்தை பேசல. அவன் டிரம்முல அவன் செஞ்ச மாதிரியே இது வந்துட்டா, ஒரு வாய் திம்பா. தின்னா, பேசுவா."

"யாரு சொன்னா?"

"நானாத்தான் நெனைக்கிறேன்."

பிரகாசி கை கழுவினாள்.

"என்ன மரம்?"

"கொய்யா. நல்லாக் காஞ்சது."

"உள்பக்கத்துச் சவ்வை உரிச்சீங்களா?"

"உரிச்சேன். உப்பு, மிளகு, எல்லாம் சரி. ஆறு மணி நேரம் பக்கத்துலயே ஒக்காந்திருந்தேன்."

"மூடியில ஒரு ஓட்டை இருக்குமே?"

சவரியப்பனுக்கு முகம் மலர்ந்தது. நல்ல கேள்வி கேட்டுவிட்டாள் என்று நினைத்தார்.

"அதுல மண்ணு குழைச்சுப் பூசிட்டேன். மூடியச் சுத்தியும் பூசிட்டேன். ஒரு இழை பொகை வெளிய போவல!"

முப்பத்தொரு வருஷம் தைலம் காய்ச்சினவர். யூகலிப்டஸ் என்கிற கற்பூர மரத்து இலையைக் கொப்பரையில் போட்டு, மூட்டுக்கு மூட்டு மண் பூசி, ஆவி கசியாமல் காக்கிற வேலை. அவர் கொப்பரையில் ஒரு நாளும் கசிந்ததில்லை. மேஸ்திரிகள் அவரைக் காட்டித்தான் மற்றவர்களைத் திட்டுவார்கள்.

பிரகாசி கூடவே இறங்கி வந்தாள். அவர் வீட்டுக் கொல்லையில் கிடந்த இரும்புக் கம்பியை எடுத்தாள். டிரம் மூடியில் ஒரே குத்து. மண் உடைந்து உள்ளே விழுந்தது.

"ஐயோ, அத்தனையும் வீணாப் போயிருமே!"

"போற பொகைதான் ருசி. தங்குற பொகை கசப்பு."

சொல்லிவிட்டு மலையேறிவிட்டாள். ஒரு வாய்க் காப்பிகூடக் குடிக்கவில்லை.

பத்து நாள் கழித்துச் சவரியப்பன் மறுபடி வந்தார். பிரகாசி பொட்டலத்தைப் பிரித்தாள். விலாவை இடுக்கியால் தூக்கினாள்; அது வளைந்து, மேல்தோல் மெல்ல வெடித்தது. ஒரு துண்டு தின்றாள். இன்னொன்று தின்றாள். எலும்பைச் சப்பிக் கீழே வைத்தாள்.

"நான் செய்யறதவிட நல்லாருக்கு."

சவரியப்பன் சிரிக்கவில்லை.

"அவ முன்னாடி வெச்சேன். தட்டத் தள்ளிட்டா."

பிரகாசி இடுக்கியைத் துடைத்து வைத்தாள்.

"நீ சொன்னபடிதானே செஞ்சேன்? இன்னும் என்ன கொறை?" அவர் குரல் ஏறியது. "சொல்லு தாயி. இன்னும் எதத் தொறக்கணும்?"

அவள் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். கொட்டடியில் பன்றிகள் முட்டிக்கொண்டன.

சவரியப்பன் தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"கடேசியா வந்தப்போ குடிச்சிருந்தான்," என்றார். "மூணாவது வேலையும் போச்சுன்னான். மத்தியானம். நல்ல மழை. நான் கதவத் தொறக்கல. செத்தாலும் இந்த வாசல்ல வந்து நிக்காதேன்னேன். கொஞ்ச நேரம் நின்னான். போயிட்டான். மறுநாள் வளைவுல லாரி அடிச்சுடுச்சு."

மூக்கைத் துண்டால் துடைத்தார்.

"அவளுக்குத் தெரியாது. அப்போ அவ காய்ச்சல்ல படுத்திருந்தா. பையன் வீட்டுக்கே வரலேன்னுதான் சொல்லியிருக்கேன்."

ஒரு வருஷத்தில் முதன்முறையாக இதை வாய்விட்டுச் சொல்கிறார். ஆறுதலாக ஒரு வார்த்தை கிடைக்கும் என்று எதிர்பார்த்தார். மனுஷன்தானே.

பிரகாசி மிச்சக் கறியை இலையில் சுற்றி அவர் கையில் வைத்தாள்.

"எங்கிட்ட ஏன் சொல்றீங்க?" என்றாள். "நான் யாரு?"

சவரியப்பன் இறங்கினார். வழியில் இரண்டு இடத்தில் உட்கார்ந்தார். மூன்றாவது இடத்தில் திரும்பிப் போய்விடலாமா என்றுகூட நினைத்தார்.

மதலேனா முறத்தில் அரிசி பார்த்துக்கொண்டிருந்தாள்.

அவர் எதிரே நின்றார். எல்லாவற்றையும் சொன்னார். மழையை, குடியை, மூடிய கதவை, தன் வாயிலிருந்து வந்த அந்த வார்த்தையை. ஒன்றையும் விடவில்லை.

"உனக்குத் தெரியாது. நீ தூங்கிட்டிருந்தே," என்று முடித்தார்.

மதலேனாவின் கை முறத்தில் நின்றது.

"தூங்கல," என்றாள்.

ஒரு வருஷம் பேசாத தொண்டை. கரகரத்தது.

"உங்க பின்னாடி நடையிலதான் நின்னேன். அம்மான்னு ரெண்டு தரம் கூப்பிட்டான். நானும் தொறக்கல."