அடிமரத்தில் கொட்டிய அத்திப்பழம்

மலைக்காட்டில் ஒரு நெட்டை இலவ மரம். அதன் உச்சிப் பொந்தில் பொன்னலகி என்ற இருவாச்சிப் பறவை தன் குஞ்சோடு அடைபட்டுக் கிடந்தாள்.

அவளை யாரும் அடைத்துப் போடவில்லை. அவளேதான் சேற்றைக் குழைத்து வாசலைப் பூசிக்கொண்டாள். இருவாச்சிக் குலத்து வழக்கம் அது. பாம்புக்குப் பயந்து பெண்பறவை உள்ளே போய்விடும். சிறகையும் உதிர்த்துவிடும். அலகு நுழையும் அளவுக்கு ஒரு கீறல் மட்டும் இருக்கும். ஆண்பறவை அதன் வழியே பழம் ஊட்டும். வீட்டுக்காரன் வந்தால்தான் சாப்பாடு!

அன்றைக்கு வீட்டுக்காரன் வரவில்லை. பக்கத்து மரத்து மைனாதான் பதறிக்கொண்டு வந்தது.

"அக்கா, மனசைத் திடப்படுத்திக்கோ! மாமா போயிட்டாரு!"

"ஐயோ! என்னடி சொல்றே?"

"பாதையில உதிர்ந்த பழத்தைப் பொறுக்கிட்டு இருந்தாரு. உப்பு நக்க உப்புப் பாறைக்கு முதல் ஆளா போகணும்னு காட்டெருமை கரியன் தலைதெறிக்க ஓடி வந்தான். மிதிச்சுட்டான்!"

பொன்னலகி கதறினாள். அம்மா அழுவது குஞ்சுக்கு என்ன தெரியும்? பசிக்குது என்று வாயைப் பிளந்தது.

பாதையில் ஓர் உயிர் போனால், போக்கியவன் அந்தக் குடும்பத்துக்கு ஈடு கொடுத்துப் பிழைக்க வழி செய்ய வேண்டும். இது அந்தக் காட்டுச் சட்டம். மைனா புலிராஜாவிடம் போய் முறையிட்டது.

"பறிகொடுத்தவள் எங்கே? நேரில் வரச் சொல்!" என்றது புலி.

"பொந்துக்குள்ள இருக்கா ராஜா. பறக்கச் சிறகு இல்லை."

"அப்படியானால் சிறகு முளைத்ததும் வரட்டும். விசாரிக்கலாம்!"

"அதுவரைக்கும் உசிரு இருக்கணுமே ராஜா!"

கரியன் முரடன்தான், ஆனால் கெட்டவன் இல்லை. "தப்பு என்னுது. இன்னிக்கே குடுத்துடுறேன்" என்று முன்னால் வந்தான். ஆற்றுக்கு அக்கரையில் இருந்த அத்தி மரத்தை முட்டி முட்டிக் கிளைகளை ஒடித்தான். குலை குலையாக இழுத்து வந்து இலவ மரத்தடியில் மலையாகக் குவித்தான்.

காடே திரண்டு வந்து வேடிக்கை பார்த்தது. "அடேயப்பா! குடுத்தா இப்படிக் குடுக்கணும்!" என்றது மான். "வழக்கு முடிந்தது!" என்றது புலி. எல்லாரும் கலைந்து போனார்கள். மைனா ஒன்றிரண்டு பழத்தைக் கொத்திக்கொண்டு மேலே போய் ஊட்டியது. அதற்குள் பன்றிக் கூட்டம் மோப்பம் பிடித்து வந்துவிட்டது. பழத்தை எல்லாம் தின்று தீர்த்துவிட்டுத்தான் நகர்ந்தது.

மறுநாள் காலையில் கரியன் வந்தான். நன்றி சொல்வாள் என்று நினைப்பு! "என்ன தங்கச்சி, வயிறு நிறைஞ்சுதா?" என்று கேட்டான்.

கீறல் வழியே மெல்லிய குரல் வந்தது. "அண்ணே, நீங்க குடுத்ததை ஊரே பாத்துச்சு. எனக்குத்தான் வந்து சேரலை. பழம் கீழே, என் வாய் மேலே. பன்னி தின்னுட்டுப் போயிடுச்சு."

"வெளியே வந்து எடுத்திருக்கலாமே!"

"சுவரை உடைச்சா பிள்ளையைப் பாம்பு தின்னும். உடைக்கலேன்னா பசி தின்னும். நான் என்ன செய்யட்டும்? நீங்களே சொல்லுங்க!"

கரியன் நேற்று வாங்கிய பாராட்டையெல்லாம் நினைத்து வெட்கப்பட்டான். மறுபடி ஆற்றைத் தாண்டிப் போனான். ஒரு குலையோடு வந்து மரத்தடியில் காவல் நின்றான். பன்றிகள் எட்டிப் பார்த்தன. கொம்பைத் தாழ்த்தி ஓர் உறுமல் விட்டான். ஓடிவிட்டன. மைனா தன் கூட்டத்தையே அழைத்து வந்தது. ஒவ்வொரு பழமாக மேலே ஏறியது. கடைசிப் பழம் கீறலுக்குள் போகும்வரை கரியன் அசையவில்லை. தினமும் இதே வேலை.

அந்த வழியாக வந்த புலி சிரித்தது. "வழக்குதான் அன்றைக்கே முடிந்துவிட்டதே! இன்னும் ஏன் இங்கே நிற்கிறாய்?"

"உங்களுக்கு வழக்கு முடிஞ்சுது ராஜா. குஞ்சுக்குப் பசி முடியலையே!"

புலி நடையைக் கட்டியது.

குஞ்சுக்கும் தாய்க்கும் சிறகு முளைத்தது. ஒருநாள் பொன்னலகி சுவரைக் கொத்தி உடைத்து வெளியே வந்தாள். குஞ்சு தட்டுத் தடுமாறிப் பறந்து பக்கத்துக் கிளையில் உட்கார்ந்தது. கரியன் அண்ணாந்து பார்த்தான்.

"என் கடன் தீர்ந்துச்சா தங்கச்சி?" என்று தயங்கித் தயங்கிக் கேட்டான்.

"பசி தீர்ந்துச்சு அண்ணே. பிள்ளை பிழைச்சுது, அதுக்கு நான் நன்றி மறக்க மாட்டேன். ஆனா அது பறக்கிறதைப் பார்க்க அவரு இல்லையே! அது தீராது."

கரியன் தலை குனிந்தான். அதற்குப் பிறகு அந்தப் பாதையில் அவன் ஓடவே இல்லை. உப்புப் பாறைக்குக் கடைசி ஆளாகத்தான் போய்ச் சேர்ந்தான்.

போன உயிருக்கு ஈடே கிடையாது. கொடுக்கிற ஈடும், பறிகொடுத்தவர் கைக்குப் போய்ச் சேரும்வரை கொடுத்ததாகாது.